வீடு ஒன்று, ரத்தம் இருபது லிட்டர்: குறைந்த செலவில் அதிர்ச்சிப் படம் எடுத்து வெளியிடுவது எப்படி

பெரிய கம்பெனிகள் படத்தை எடுத்துவிட்டு போஸ்டர் அடிக்கும். ரத்தமும் பயமும் காட்டிக் கூட்டம் சேர்க்கும் அதிர்ச்சிப் பட வியாபாரத்தில் போஸ்டர்தான் முதலில் வரும். 1950-களில் அமெரிக்காவின் ஏ.ஐ.பி. (அமெரிக்கன் இன்டர்நேஷனல் பிக்சர்ஸ்) நிறுவனத்தில் ஜேம்ஸ் நிக்கல்சன் முதலில் தலைப்பைப் பிடிப்பார். பிறகு போஸ்டர் வரைவார்கள். தியேட்டர்காரர்கள் அதைப் பார்த்துத் தலையாட்டினால்தான் கதை எழுத ஆள் தேடுவார்கள். கேட்கச் சிரிப்பாக இருந்தாலும், நட்சத்திரமும் பாட்டும் பிரம்மாண்டமும் இல்லாத படத்துக்குக் கூட்டம் வர இதைவிட நேரான வழி இன்னும் யாருக்கும் கிடைக்கவில்லை.

எனவே ஸ்கிரிப்ட் எழுத உட்காருவதற்கு முன் ஒரு போஸ்டரும் ஒரு வரியும் தயார் செய்யுங்கள். அதை சினிமாக்காரர் அல்லாத இருபது பேரிடம் காட்டி, ‘உள்ளே என்ன இருக்கும்னு நினைக்கிறீங்க?’ என்று மட்டும் கேளுங்கள். அவர்கள் சொல்வதைக் குறித்துக்கொள்ளுங்கள். அந்தப் பதில்கள்தான் நீங்கள் காட்டியே ஆகவேண்டிய மூன்று காட்சிகள். பட்ஜெட்டில் பெரும்பங்கு அந்த மூன்றுக்குப் போகட்டும். மற்றதெல்லாம் ஓசியில் கிடைக்கும் வீடும், ஓசியில் கிடைக்கும் பகல் வெளிச்சமும்.

பெரிய கம்பெனி எதைச் செய்யாது?

1963-இல் ஹெர்ஷல் கார்டன் லூயிஸும் டேவிட் ஃப்ரீட்மேனும் கேட்டுக்கொண்ட கேள்வி இது. அதுவரை அவர்கள் எடுத்துக்கொண்டிருந்த கவர்ச்சிப் படங்களுக்குப் போட்டி பெருகிவிட்டது. ஹாலிவுட் தொடவே தொடாத ஒன்று வேண்டும் என்று யோசித்ததில் கிடைத்த பதில், கலரில் ரத்தம். மயாமியில் 24,500 டாலரில் ‘ப்ளட் ஃபீஸ்ட்’ எடுத்தார்கள். நடிப்பு மரக்கட்டை, வசனம் அதைவிட மோசம். ஆனாலும் டிரைவ்-இன் தியேட்டர்களில் கார்கள் வரிசையில் நின்றன. காரணம், போஸ்டர் சொன்னது உள்ளே இருந்தது.

இன்றைக்கு ரத்தம் மட்டும் புதுசு இல்லை. ஓடிடியில் வீட்டு ஹாலிலேயே கிடைக்கிறது. அதனால் கேள்வியை உங்கள் ஊருக்குத் திருப்புங்கள். பெரிய ஹீரோ தொடத் தயங்கும் பயம் எது? வாடகை வீட்டில் முன்பு குடியிருந்தவருக்கு என்ன ஆனது, லோன் ஆப் மிரட்டல், மார்ச்சுவரி வாட்ச்மேனின் ராத்திரி. இப்படி இடமும் பயமும் சேர்ந்தே இருக்கும் ஒன்றை எடுங்கள். பங்களா, ஜமீன், நூறு வருஷத்துச் சாபம் என்று போனால் செட்டுக்கும் காஸ்ட்யூமுக்கும் பணம் கரையும். பார்ப்பவருக்கும் பழைய வாசனைதான் அடிக்கும்.

கதை அல்ல, முதலில் இடம்

இருப்பதை வைத்து எழுதுவது இந்த வகைப் படத்தின் முதல் ஒழுக்கம். அமெரிக்க இயக்குநர் ரோஜர் கார்மன், வேறொரு படத்துக்குப் போட்டு இன்னும் பிரிக்காத செட்டை வைத்து ‘தி லிட்டில் ஷாப் ஆஃப் ஹாரர்ஸ்’ (1960) படத்தின் முக்கியப் பகுதியை இரண்டு பகல், ஒரு ராத்திரியில் முடித்தார். முன்கூட்டியே நடிகர்களுக்கு ஒத்திகை நடந்திருந்தது என்பதை இந்தக் கதையைச் சொல்பவர்கள் விட்டுவிடுவார்கள். வேகத்தின் ரகசியம் அந்த ஒத்திகைதான். இந்தியில் ராம்சே சகோதரர்கள் 1972-இல் குடும்பத்தையே யூனிட்டாக்கி மகாபலேஷ்வரில் விடுதி எடுத்துத் தங்கி, தங்கிய இடத்திலேயே படமும் எடுத்தார்கள். தங்கும் செலவும் லொகேஷன் வாடகையும் ஒன்றாகிவிட்டன.

வீடு பார்க்கப் போகும்போது அழகைப் பார்க்காதீர்கள். பார்க்கவேண்டியவை வேறு. மெயின் ரோட்டிலிருந்து குறைந்தது முந்நூறு மீட்டர் உள்ளே இருக்கிறதா? ஜெனரேட்டரை நூறடி தள்ளி, ஒரு சுவருக்குப் பின்னால் நிறுத்த இடம் உண்டா? யூனிட்டுக்கு இரண்டு கழிப்பறை உண்டா? மேக்கப்புக்கு ஜன்னல் உள்ள தனி அறை? சுவரில் சுண்ணாம்பா, பெயின்ட்டா? சுண்ணாம்பு அடித்த சுவரில் சிவப்பு பட்டால் அது சுவரோடு சேர்ந்துவிடும், வீட்டுக்காரருக்கு வெள்ளையடித்துத் தரவேண்டும். மொசைக் தரை பரவாயில்லை, பழைய சிமென்ட் தரை உறிஞ்சும்.

மாதத்தையும் கணக்கில் எடுங்கள். ஆடியில் கிராமத்துப் பக்கம் போனால் கூழ் ஊற்றும் மைக் செட் நள்ளிரவு வரை பாடும். மார்கழியில் விடியற்காலை நாலரைக்கே கோயில் ஸ்பீக்கர் ஆரம்பிக்கும், பனியில் லென்ஸும் மங்கும். தையிலிருந்து கல்யாண சீசன். புரட்டாசி ஓரளவு அமைதி, ஆனால் மழை எட்டிப் பார்க்கும். முழுக்கச் சாதகமான மாதம் எதுவும் இல்லை. எதோடு மல்லுக்கட்டப் போகிறோம் என்று தெரிந்து தேதி வைத்தால் போதும்.

எண்பது பக்க ஸ்கிரிப்ட், ஐந்து அல்லது ஆறு நடிகர்கள், ஒரு வீடு, ஒரு வெளிப்புறம், பதினான்கு நாள். இதைத் தாண்டினால் பேட்டாவும் சாப்பாடும் சேர்ந்தே உங்களை முடித்துவிடும். ஒரு நாளைக்கு ஆறு பக்கம் என்று கணக்கு வரும். பேச்சுக் காட்சியில் எட்டுப் பக்கம்கூட ஓடும். ரத்தக் காட்சியில் ஒன்றரைப் பக்கம் முடிந்தாலே பெரிசு. ஒரே நாளில் இரண்டு ரத்தக் காட்சி வைக்காதீர்கள். ஒரு டேக் கெட்டால் துடைத்து, உடை மாற்றி, மேக்கப் திருத்தி மறுபடி நிற்க முக்கால் மணி நேரம் ஆகும்.

பணம்

முதலீட்டாளர் ஸ்கிரிப்ட் படிக்க மாட்டார். சாம் ரெய்மியும் நண்பர்களும் 1978-இல் அரை மணி நேரப் படமாக ஒரு மாதிரியை சூப்பர் 8-இல் எடுத்து, டெட்ராய்ட் பக்கத்து டாக்டர், வக்கீல்களுக்குப் போட்டுக் காட்டித்தான் ‘தி ஈவில் டெட்’ படத்துக்குப் பணம் திரட்டினார்கள். நீங்களும் மூன்று முக்கியக் காட்சிகளில் ஒன்றை நான்கு நிமிஷத்துக்கு எடுத்துவிடுங்கள். அதே மேக்கப், அதே வீடு. அதில் ஏற்படும் கோளாறுகள் எல்லாம் படப்பிடிப்பில் வரவேண்டிய கோளாறுகள். மலிவான விலைக்கு முன்கூட்டியே தெரிந்துவிடும்.

கடைசி நாள் ஷூட்டிங் முடியும்போது மொத்தப் பணத்தில் மூன்றில் ஒரு பங்கு கையில் இருக்கவேண்டும். முப்பது லட்சம் என்றால் பத்து லட்சம். எடிட், டப்பிங், சவுண்ட், டிஐ (எடுத்த படத்தின் கலரையும் வெளிச்சத்தையும் சரிசெய்வது), சென்சார் கட்டணம், டிரெய்லர், போஸ்டர், டிஜிட்டல் பிரிண்ட் அனுப்பும் கட்டணம் எல்லாம் அதிலிருந்துதான். ஹார்ட் டிஸ்க்கில் தூங்கும் சின்னப் படங்களில் பெரும்பாலானவை மோசமான படங்கள் அல்ல, இந்த மூன்றில் ஒரு பங்கைக் கிளைமாக்ஸில் செலவழித்தவை.

சம்பளத்தைப் பின்னால் தருகிறேன், லாபத்தில் பங்கு தருகிறேன் என்று சொல்லும் முன் ‘தி டெக்சாஸ் செயின் சா மாசக்கர்’ யூனிட்டின் கதையைத் தெரிந்துகொள்ளுங்கள். 1973 கோடையில் வியர்வையில் குளித்து வேலை செய்தவர்களுக்குப் பங்கு எழுதிக் கொடுத்தார்கள். ஆனால் அந்தப் பங்கு எந்தக் கம்பெனியில் தரப்பட்டதோ, அந்தக் கம்பெனிக்கே படத்தில் பாதிதான் சொந்தம். பத்து சதவீதம் என்று நினைத்தது ஐந்தானது. விநியோகஸ்தர் கணக்குக் காட்டியபோது அந்த ஐந்திலும் கிட்டத்தட்ட ஒன்றும் மிஞ்சவில்லை. எனவே பங்கு என்று எழுதினால் ‘படத்தின் மொத்த வருவாயிலா, கம்பெனி வருவாயிலா, எந்தச் செலவு கழித்த பிறகு’ என்பது ஒப்பந்தத்தில் இருக்கவேண்டும். முடிந்தவரை பங்கே வேண்டாம், குறைந்த சம்பளமானாலும் அன்றன்றைக்குக் கையில் கொடுத்துவிடுங்கள்.

ரத்தம்

இதில் கஞ்சத்தனம் காட்டினால் படமே கேலிப்பொருளாகும். கடையில் விற்கும் ரெடிமேட் ரத்தம் விலை அதிகம். இருபது லிட்டர் வாங்கக் கட்டுப்படியாகாது. அமெரிக்கச் சின்னப் படங்கள் கார்ன் சிரப்பில் செய்தார்கள். நம் ஊரில் அதற்கு ஈடு பேக்கரி பொருள் கடையில் கிலோ கணக்கில் கிடைக்கும் லிக்விட் குளுக்கோஸ்.

ஒரு லிட்டருக்கு:

- லிக்விட் குளுக்கோஸ் 1 கிலோ
- வெந்நீர் 250 மி.லி.
- இனிப்பு சேர்க்காத கோகோ பவுடர் 2 மேசைக்கரண்டி
- சிவப்பு ஃபுட் கலர் பவுடர் 2 தேக்கரண்டி
- நீல ஃபுட் கலர் கரைசல் 3 அல்லது 4 சொட்டு

கோகோவை முதலில் வெந்நீரில் கட்டியில்லாமல் கரைத்து வடிகட்டிக்கொள்ளுங்கள். நேராக குளுக்கோஸில் போட்டால் உருண்டை உருண்டையாக நிற்கும், குளோசப்பில் தெரியும். பிறகு குளுக்கோஸ் சேர்த்து, கலரைக் கால் கால் கரண்டியாகப் போடுங்கள். சிவப்பு பிராண்டுக்கு பிராண்ட் வேறுபடும். சிலது ரோஸ் பக்கம் போகும், சிலது ஆரஞ்சு பக்கம். ரோஸ் அடித்தால் துளி மஞ்சள் சேருங்கள், ஆரஞ்சு அடித்தால் துளி நீலம். கோகோ இல்லாவிட்டால் ரத்தம் கண்ணாடி போல ஊடுருவித் தெரியும், ரோஸ் மில்க் சிந்தியது மாதிரி இருக்கும். கோகோ கூடினால் சாக்லேட். கண்ணால் பார்த்து முடிவு செய்யாதீர்கள். வெள்ளைத் துணி, மாநிறத் தோல், சிமென்ட் தரை மூன்றிலும் ஊற்றி, படத்தில் வரப்போகும் அதே லைட்டில், அதே கேமராவில் எடுத்துப் பாருங்கள். நிலவொளி என்று நீல லைட் போட்ட காட்சியில் சிவப்பு கருப்பாகிவிடும். தார் ஊற்றியது போல இருக்கும். அந்த இடத்தில் காயத்தின் மேல் மட்டும் ஒரு சின்ன மஞ்சள் லைட் தனியாகப் போடவேண்டும்.

கறுப்பு-வெள்ளையில் இந்தத் தொல்லையே கிடையாது. 1968-இல் வெளியான ‘நைட் ஆஃப் தி லிவிங் டெட்’ படத்தை எடுத்த ஜார்ஜ் ரொமேரோவின் ஆட்கள் கடையில் வாங்கிய சாக்லேட் சிரப்பையே ரத்தமாக ஊற்றினார்கள்.

வாயிலிருந்து வரும் ரத்தம் தனிப் பாட்டிலில் இருக்கட்டும், மேலே பட்டை ஒட்டி எழுதி வையுங்கள். உடையில் ஊற்றும் ரத்தத்தில் லிட்டருக்கு இரண்டு கரண்டி பாத்திரம் கழுவும் லிக்விட் சேர்த்தால் துவைக்கும்போது ஓரளவு போகும். அந்தப் பாட்டில் தவறி வாய்க்குப் போனால் வாந்திதான். பழைய ஹாலிவுட் செய்முறைகளில் கோடக் ஃபோட்டோ ஃப்ளோ என்ற ரசாயனம் வரும். மேக்கப் மேதை டிக் ஸ்மித்தின் புகழ்பெற்ற கலவையிலும் அது உண்டு. அது விஷம், இணையத்தில் பார்த்துச் செய்யாதீர்கள்.

தரை முழுக்கப் பரவும் குளத்துக்கு குளுக்கோஸ் வீண். ஒரு லிட்டர் தண்ணீருக்கு 40 கிராம் கார்ன்ஃப்ளவர் போட்டுக் காய்ச்சி, அதே கலர் சேர்த்தால் போதும். ஆனால் மறுநாள் புளித்து நாறும், அன்றன்றைக்குக் காய்ச்சவேண்டும். குளுக்கோஸ் ரத்தம் கெடாது, ஆனால் எறும்பு வரும். ‘செத்தவர்’ தரையில் கிடக்கும் நீண்ட ஷாட்டில் எறும்பு ஏறினால் செத்தவர் எழுந்துவிடுவார். எறும்புப் பொடியை நடிகர் பக்கத்தில் தூவவே கூடாது. ஷாட் முடிந்த கையோடு வெந்நீரில் துடைப்பதும், பாட்டில்களைத் தண்ணீர் ஊற்றிய தாம்பாளத்தில் வைப்பதும்தான் வழி.

தோலில் சிவப்பு இரண்டு நாள் நிற்கும். ரத்தம் படப்போகும் இடத்தில் முன்கூட்டியே வேசலினோ தேங்காய் எண்ணெயோ மெல்லிசாகத் தடவினால் கழுவ எளிது. ஆனால் ஒட்டுக் காயம் வைக்கப்போகும் இடத்தில் எண்ணெய் படக்கூடாது, பசை பிடிக்காது. ரத்தம் படும் சட்டை ஒவ்வொன்றிலும் நான்கு பிரதி வாங்குங்கள்: சுத்தமானது ஒன்று, டேக்குக்கு இரண்டு, காய்ந்த ரத்தத்தோடு பின்னால் வரும் காட்சிகளுக்கு ஒன்று. குளுக்கோஸ் காயாது, பளபளவென்றே இருக்கும். காய்ந்த கறைக்கு இன்ஸ்டன்ட் காபித் தூளும் பழுப்பு பெயின்ட்டும்தான்.

காயம், குடல், கண்

ஜெலட்டினில் காயம் செய்வது மலிவு, பார்க்கவும் நன்றாக இருக்கும். ஆனால் சித்திரை வெயிலில் அரை மணி நேரத்தில் வழிந்துவிடும். ஏசி அறை இருந்தால் ஜெலட்டின், இல்லாவிட்டால் லேடெக்ஸும் பஞ்சும். லேடெக்ஸ் சிலருக்கு ஒவ்வாது. முந்தின நாளே முன்கையில் ஒரு ரூபாய் அளவு தடவி மறுநாள் பார்த்துவிட்டு வையுங்கள். புருவம், மீசை, தலைமுடி ஓரத்தில் வைத்தால் பிய்க்கும்போது முடியும் சேர்ந்து வரும்.

பீறிடும் ரத்தத்துக்கு ஆஸ்பத்திரி சலைன் ட்யூப் ஒன்றரை மீட்டர், 50 மி.லி. சிரிஞ்ச். ட்யூபைச் சட்டைக்குள் ஓட்டி, கேமராவுக்கு எதிர்ப் பக்கத்தில் ஒருவர் அழுத்தவேண்டும். இதற்கு ரத்தம் நீர்க்க இருக்கவேண்டும்: லிட்டருக்கு இன்னும் 300 மி.லி. தண்ணீர். கெட்டியாக இருந்தால் ட்யூப் கழன்று சட்டைக்குள்ளேயே போய்விடும். முதல் அழுத்தலில் காற்றுக் குமிழி வரும், ‘புஸ்’ என்று சத்தத்தோடு. ட்யூபை நிரப்பி நுனியில் சொட்டு தெரிந்த பிறகுதான் ‘ரோல்’ சொல்லவேண்டும். வெடிமருந்து வைத்த குண்டு எஃபெக்ட் வேண்டவே வேண்டாம். அதற்கு லைசென்ஸ் உள்ள ஆள் தேவை, அவர் உங்கள் பட்ஜெட்டில் இல்லை.

குடலுக்குக் கறிக்கடைதான் காலங்காலமாக. ரொமேரோ படத்தின் முதலீட்டாளர்களில் ஒருவர் கறிக்கடைக்காரர், அவர் கொண்டுவந்த குடல்தான் திரையில் தெரிவது. ஐஸ் பெட்டியில் வைத்து இரண்டு மணி நேரத்துக்குள் எடுத்து முடித்துவிடுங்கள். டெக்சாஸ் படத்தின் விருந்துக் காட்சி, ஜன்னல்களை அடைத்த வீட்டில், லைட் சூட்டில், ஒரு நாளுக்கு மேல் இடைவிடாமல் நடந்தது. மேசைமேல் இருந்த இறைச்சி அழுகி, ஆட்கள் வெளியே ஓடி வாந்தியெடுத்துவிட்டு வந்து நடித்தார்கள். திரையில் அந்த வெறி தெரிகிறது என்று ரசிகர்கள் கொண்டாடுவார்கள். ஆனால் தூக்கமில்லாத யூனிட்டும் ஓடும் ரம்பமும் ஒரே அறையில் இருந்து பெரிய விபத்து நடக்காதது அதிர்ஷ்டம், திறமை அல்ல. கத்தி ரப்பராகவோ முனை மழுக்கிய அலுமினியமாகவோ இருக்கட்டும். ‘ஒரே ஒரு குளோசப்புக்கு நிஜக் கத்தி’ என்று யார் கேட்டாலும் முடியாது என்று சொல்லுங்கள்.

பேய்க் கண்ணுக்கு வெள்ளை லென்ஸ். ஈவில் டெட் காலத்து லென்ஸைப் போடவே பத்து நிமிஷம், பதினைந்து நிமிஷத்தில் கழற்றவேண்டும், கண் மூச்சுவிடாது. இன்றைய லென்ஸ் மெல்லிசு என்றாலும் கண் டாக்டரிடமோ நல்ல ஆப்டிக்கலிலோ அளவெடுத்து வாங்கவேண்டும். ஒருவர் லென்ஸை இன்னொருவர் போடக்கூடாது. லென்ஸ் போட்டவருக்குப் பார்வை பாதிதான், படியிறங்கும் ஷாட்டில் கையைப் பிடிக்க ஆள் வேண்டும்.

கேமராவும் காதும்

ஸ்டெடிகாம் (ஓடும்போதும் கேமரா ஆடாமல் பிடிக்கும் கருவி) வாடகை இல்லாமலே காட்டுக்குள் ஏதோ துரத்தி வருவது போல எடுக்கலாம். நாலடிப் பலகையின் நடுவில் கேமராவைத் திருகி, இரண்டு முனையையும் இருவர் பிடித்துக்கொண்டு தாழ்வாக ஓடுவது. ரெய்மியின் ஆட்கள் செய்தது இதுதான். அகலக் கோண லென்ஸ் அவசியம், 18 மி.மீ. அல்லது அதற்கும் கீழே. 50 மி.மீ. போட்டால் நிலநடுக்கம்தான் தெரியும். ஓடும் பாதையை முந்தின நாள் கல், முள் பொறுக்கி வையுங்கள்.

முழு இருட்டில் எடுத்து ஐஎஸ்ஓ (கேமராவின் ஒளி உணரும் திறன்) ஏற்றினால் படம் புள்ளி புள்ளியாகத் தெரியும். டிஐ-யில் அதைக் காப்பாற்ற முடியாது. வெளிப்புற வைடு ஷாட்களை சூரியன் மறைந்த பின்னான இருபது நிமிஷத்தில் எடுத்துவிட்டு, நெருக்கமான ஷாட்களை ராத்திரியில் லைட் வைத்து எடுங்கள். அந்த இருபது நிமிஷத்துக்கு ஒத்திகை நாலு மணிக்கே முடிந்திருக்கவேண்டும்.

படம் மங்கலாக இருந்தால் ஸ்டைல் என்பார்கள். சத்தம் மோசமாக இருந்தால் எழுந்து போய்விடுவார்கள். முழுக்க டப்பிங் என்று முடிவெடுத்தாலும் ஸ்பாட்டில் கைடு டிராக்கை (டப்பிங் பேசுபவருக்கு வழிகாட்டும் ஒலிப்பதிவு) ஒழுங்காக எடுங்கள். அலறல்களை மட்டும் ஸ்பாட்டிலேயே, காட்சி முடிந்தவுடன், கேமரா இல்லாமல் தனியாக மூன்று முறை பதிவு செய்யுங்கள். டப்பிங் தியேட்டரில் ஏசியில் நின்று அந்த அலறல் வராது. ஒவ்வொரு அறையிலும் யாரும் பேசாமல் ஒரு நிமிஷம் அறைச் சத்தம். ஃபோலிக்கு (பிறகு தனியாகச் செய்து சேர்க்கும் சத்தங்கள்), கத்தி இறங்க முட்டைக்கோஸ், எலும்பு முறிய கேரட்டும் சுள்ளியும் சேர்த்து ஈரத்துணியில் சுற்றி முறிப்பது, குடல் சத்தத்துக்குக் குழைந்த சாதத்தைக் கையால் பிசைவது. மைக்கை அரையடிக்குள் வையுங்கள்.

ஆட்கள்

இந்த வகைப் படத்துக்குக் கெட்ட பெயர் வாங்கித் தந்தது ரத்தம் அல்ல, நடிகைகளை நடத்திய விதம். எந்தக் காட்சியில் எவ்வளவு உடை, யார் எங்கே தொடுவார், மானிட்டர் அருகே யார் இருப்பார், ஸ்டில் எடுக்கலாமா என்பது ஒப்பந்தத்தின் இணைப்பாக எழுத்தில் இருக்கட்டும். ஸ்பாட்டில் ‘இன்னும் கொஞ்சம்’ என்று கேட்பது கிடையாது. எழுத்தில் இல்லாதது எடுக்கப்படாது.

சிறுவர் நடித்தால் மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும். ஒரு நாளைக்கு ஐந்து மணி நேரத்துக்கு மேல் கூடாது, தொடர்ந்து மூன்று மணி நேரம்தான். ராத்திரிக் காட்சிகளில் குழந்தையின் பின்பக்கத்தை மட்டும் காட்டி, அதே உயரமுள்ள பெரியவரை வைத்து எடுப்பது எல்லோருக்கும் நல்லது.

எடிட்டில் எதைத் தூக்குவது

முதல் கட் நூறு நிமிஷம் வரும். அதில் பதினைந்து நிமிஷமாவது போகவேண்டும். சினிமா நண்பர்கள் அல்லாத இருபது பேரைக் கூப்பிட்டுப் போட்டுக் காட்டுங்கள். நீங்கள் திரையைப் பார்க்காதீர்கள், அவர்களைப் பாருங்கள். செல்போன் வெளிச்சம் வரும் நிமிஷத்தைக் குறியுங்கள். தப்பான இடத்தில் சிரித்தால் பெரும்பாலும் காரணம் ஒன்றுதான்: ரப்பர் பொம்மையோ காயமோ அரை நொடி அதிகமாகத் திரையில் இருக்கிறது. பன்னிரண்டு ஃப்ரேம் குறைத்துவிட்டு, வெட்டிய இடத்தில் எதிராளியின் முகத்தைப் போட்டுப் பாருங்கள். சிரிப்பு நிற்கும். டெக்சாஸ் படத்தில் ரத்தம் எவ்வளவு குறைவு என்பது மறுபடி பார்க்கும்போதுதான் தெரியும். பார்த்ததாக நினைப்பதில் பாதி சத்தம் செய்த வேலை.

சென்சார்

விண்ணப்பம் முழுக்க சென்சார் போர்டின் இ-சினிபிரமான் தளத்தில். இப்போது யு, யு/ஏ 7+, யு/ஏ 13+, யு/ஏ 16+, ஏ என்று பிரிவுகள். இந்த வகைப் படம் யு/ஏ 16+ அல்லது ஏ-யில்தான் முடியும். ஏ என்றால் பதினெட்டுக்குக் கீழே அனுமதி இல்லை, அப்படியே டிவியில் போடவும் முடியாது. டிவிக்கு வெட்டிய பிரதிக்கு மறுசான்று வாங்கவேண்டும். அதனால் படப்பிடிப்பின்போதே ஒவ்வொரு ரத்தக் காட்சிக்கும் மென்மையான மாற்று ஷாட் ஒன்று எடுத்து வையுங்கள்: சுவரில் நிழல், முகம், கதவு. ஐந்து நிமிஷ வேலை. இல்லாவிட்டால் கமிட்டி வெட்டச் சொல்லும் இடத்தில் ஓட்டை விழும். தீர்ப்பு பிடிக்காவிட்டால் மறுஆய்வுக் குழு. அதற்கும் மேலே முன்பு இருந்த மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் 2021-இல் கலைக்கப்பட்டுவிட்டது, இனி உயர் நீதிமன்றம்தான்.

தமிழில் பேய்க்கும் ஏ-வுக்கும் பழைய உறவு. 1951-இல் எம்.ஜி.ஆர். நடித்த ‘மர்மயோகி’க்கே பேய் வருகிறது என்று ஏ கொடுத்தார்கள்.

தவிர்க்கக்கூடிய தலைவலி இரண்டு. ஒன்று, சிகரெட். யாராவது ஒருவர் புகைத்தாலும் படத்தின் தொடக்கத்திலும் நடுவிலும் எச்சரிக்கைப் படம், காட்சியில் எழுத்து எல்லாம் வரும். நீங்கள் கட்டிய பயம் அங்கேயே கலையும். இரண்டு, மிருகம். கருப்புப் பூனையும் காகமும் நாயும் இல்லாமல் பேய்ப்படமா என்று தோன்றும். ஆனால் விலங்கு நல வாரியத்தின் முன் அனுமதியும், பிறகு தடையில்லாச் சான்றும் இல்லாமல் சான்றிதழ் வராது. சத்தத்தை மட்டும் வையுங்கள்.

கூட்டத்தை வரவழைப்பது

அமெரிக்க இயக்குநர் வில்லியம் காசில் 1958-இல் ‘மகாப்ர்’ படத்துக்கு, பயத்தில் செத்தால் ஆயிரம் டாலர் என்று லாயிட்ஸ் இன்ஷூரன்ஸ் எடுத்துக் கொடுத்தார். ஃப்ரீட்மேன் ‘ப்ளட் ஃபீஸ்ட்’டுக்கு வாந்திப் பை விநியோகித்தார். ராம் கோபால் வர்மா 2008-இல் ‘ஃபூங்க்’ படத்தைத் தியேட்டரில் தனியாக உட்கார்ந்து பார்ப்பவருக்கு ஐந்து லட்சம் என்று அறிவித்தார். இவற்றில் பொதுவானது ஒன்று: செலவு குறைவு, ஒரே வரியில் அடுத்தவரிடம் சொல்லிவிடலாம். உங்கள் யோசனையை டீக்கடையில் ஒரு மூச்சில் சொல்ல முடியவில்லை என்றால் விட்டுவிடுங்கள்.

‘உண்மைச் சம்பவம்’ என்று போடுவதில் மட்டும் ஜாக்கிரதை. 1980-இல் இத்தாலியில் ‘கேனிபல் ஹோலோகாஸ்ட்’ வெளியானபோது, நடிகர்கள் ஒரு வருஷம் வெளியே தலைகாட்டக் கூடாது என்று ஒப்பந்தம் போட்டிருந்தார்கள். மிலானில் படத்தைப் பறிமுதல் செய்தார்கள். நடிகர்கள் நிஜமாகவே கொல்லப்பட்டதாகச் சந்தேகம் எழ, இயக்குநர் ருஜேரோ தியோதாத்தோ அவர்கள் உயிரோடு இருப்பதை நிரூபிக்க வேண்டியதாயிற்று. அதைவிடக் கேவலம், அதில் கொல்லப்பட்ட மிருகங்கள் நிஜம். அந்தக் கறை இன்றுவரை போகவில்லை.

தப்பான கூட்டமும் ஆபத்துதான். ரொமேரோ படம் வெளியான மாதம் அக்டோபர் 1968, அமெரிக்காவில் வயதுவாரித் தரம் வந்தது நவம்பரில். பிள்ளைகள் மேட்னிக்கு வந்து உட்கார்ந்து அழுததை விமர்சகர் ரோஜர் ஈபர்ட் எழுதினார். வெரைட்டி பத்திரிகையும் திட்டித் தீர்த்தது. இரண்டே வருஷத்தில் நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகம் அதே படத்தைத் திரையிட்டது. விமர்சனம் இப்படித் திரும்பும் என்று நம்பிக் கடன் வாங்காதீர்கள்; ஆனால் முதல் வாரத் திட்டுக்காகப் படத்தை வெட்டிக் குதறவும் வேண்டாம். போஸ்டரில் சான்றிதழைப் பெரிசாகப் போடுங்கள். ஞாயிறு காலைக் காட்சியைத் தவிர்த்துவிட்டு, கல்லூரி உள்ள ஊர்களில் இரவுக் காட்சி கேளுங்கள். பத்து தியேட்டரில் நாலு காட்சியைவிட, முப்பது தியேட்டரில் ஒரே இரவுக் காட்சி இந்தப் படத்துக்கு ஏற்றது. காலியான பகல் காட்சிகளின் போட்டோதான் முதலில் பரவும்.

காகிதம்

ரொமேரோ படத்தின் முதல் பெயரில் காப்புரிமை வரி இருந்தது. விநியோகஸ்தர் தலைப்பை மாற்றிப் புது டைட்டில் கார்டு போட்டபோது அந்த வரி விட்டுப்போனது. அன்றைய அமெரிக்கச் சட்டப்படி படம் பொதுச் சொத்தாகிவிட்டது. சுமார் 1,14,000 டாலரில் எடுத்து உலகமே பார்த்த படத்தை யார் வேண்டுமானாலும் பிரதியெடுத்து விற்றார்கள்.

இந்தியாவில் அந்த வரி இல்லாவிட்டாலும் உரிமை போகாது. இங்கே மாட்டுவது வேறு இடத்தில். ஓடிடியோ ஹிந்தி டப்பிங் வாங்குபவரோ வந்தால் முதலில் கேட்பது உரிமைச் சங்கிலி: கதாசிரியரிடமிருந்து தயாரிப்பாளருக்கு எழுதிய கடிதம், இசையமைப்பாளர் ஒப்பந்தம், ஒவ்வொரு நடிகரின் கையெழுத்து, எடிட்டர் இணையத்தில் எடுத்துப் போட்ட இடிச் சத்தத்துக்கும் பின்னணி இசைக்கும் லைசென்ஸ், டைட்டில் ஃபான்ட்டுக்கு லைசென்ஸ், சங்கத்தில் தலைப்புப் பதிவு. இதில் ஒன்று இல்லாவிட்டால் பேரம் அங்கேயே நிற்கும். ஆறு மாதம் கழித்து அந்த நடிகரைத் தேடிப் போனால் அவர் கேட்கும் தொகை வேறு. படப்பிடிப்பின் முதல் நாள் காலை, டிபனுக்கு முன்னால் எல்லாக் கையெழுத்தும் முடியட்டும்.

விநியோகஸ்தரிடம் ‘எல்லா உரிமையும்’ என்ற வார்த்தையில் கையெழுத்துப் போடாதீர்கள். தமிழ்நாடு தியேட்டர், வெளிமாநிலம், வெளிநாடு, டிஜிட்டல், சாட்டிலைட், டப்பிங், ரீமேக் ஒவ்வொன்றும் தனி வரி, தனி வருஷக் கணக்கு. பேய்ப்படத்துக்கு டப்பிங்கும் ரீமேக்கும்தான் பிற்காலத்தில் சாப்பாடு போடும். அதை முதல் அவசரத்தில் ஓசியில் சேர்த்துக் கொடுத்துவிடுவது வழக்கமான தவறு. மாஸ்டரை மூன்று ஹார்ட் டிஸ்க்கில், மூன்று வீட்டில் வையுங்கள். அதோடு டெக்ஸ்ட் இல்லாத பிரதி, வசனம் தனி, இசை-எஃபெக்ட் தனி டிராக்குகளும் இருக்கவேண்டும். டப்பிங் வாங்குபவர் கேட்பது அந்த டிராக்கைத்தான். சவுண்ட் மிக்ஸிங் முடிந்த அன்றே ஸ்டூடியோவில் கேட்டு வாங்கிவிடுங்கள். பிறகு போனால் ப்ராஜெக்ட் ஃபைலை அழித்துவிட்டோம் என்பார்கள்.